பட்டர்வொர்த் ஃபெர்ரில கார் ஏத்த முடியுமா?

அண்ணே, அப்பாவ பழைய மாதிரி காரோட ஃபெர்ரில ஏத்தி மலேசியாவுல பட்டர்வொர்த்துலருந்து பினாங்குத் தீவுக்குக் கூட்டிட்டுப் போகணும்னு கேட்டிருக்கீங்க, இப்ப முடியாதுண்ணே. 2021 ஜனவரிலயே கார் ஏத்துறத நிறுத்திட்டாங்க, 2023-ல வந்த புது படகுலயும் ஆளுங்க, மோட்டார்சைக்கிள், சைக்கிள் மட்டும்தான். கார பட்டர்வொர்த்துல இருக்க பினாங்கு சென்ட்ரல் பஸ் நிலையத்துல போட்டுட்டு நடந்து ஏறுங்க, இல்லன்னா கார்லயே பாலம் வழியாதான் போகணும்.

எனக்கும் அந்தப் பழைய ஃபெர்ரி ரொம்பப் பிடிக்கும், இரும்புப் பலகைல டயர் ஏறுறப்ப டடங்குன்னு ஒரு சத்தம், ஆளு கைய காட்டி இன்னும் இன்னும்னு முன்னாடி காரோட ஒட்டுற அளவுக்கு வரச்சொல்லுவாரு, ரெண்டு பக்கமும் வாசல் இருக்கதால அக்கரைல ரிவர்ஸ் எடுக்காம நேரா இறங்கிடலாம். புது படகுல அப்பாவ ஜன்னல் பக்கம் உக்கார வைங்க, அக்கரைல இருக்க ஜார்ஜ்டவுன் நகரம் கிட்ட வர்றது நல்லா தெரியும்.