மூணு வாரத்துல வெளுத்துப் போற பன்னிக்குட்டி

தம்பி, பொறந்தப்ப நல்லா இருந்த குட்டிங்க மூணாவது வாரத்துல காது வெளுத்து மூச்சு வாங்குது, அதுவும் கொழுகொழுன்னு இருந்ததுதான் மொதல்ல செத்துச்சு, சிமெந்து தரைன்னு எழுதியிருக்கீங்க, எனக்கு இது இரும்புச்சத்து கொறைச்சல் மாதிரிதான் தெரியுது லா. பொறக்கறப்ப ஒடம்புல சுமார் 50 மில்லிகிராம் இரும்புதான் இருக்கும், ஒரு நாளைக்குத் தேவை 7லேர்ந்து 10, தாய்ப்பால்ல கெடைக்கறது 1 மில்லிகிராம் போல. ஒரே வாரத்துல எடை டபுள் ஆவுது, ரத்தமும் அதுக்கேத்த மாதிரி ஊறணும், ரத்தத்துல மூச்சுக்காத்த சொமக்கற ஹீமோகுளோபின் செய்யத்தான் இரும்பு இல்ல, அதான் வேகமா வளர்றது மொதல்ல விழுது. மண்ணைக் கெளறித் திரியற குட்டிக்கு மண்ணுலேர்ந்தே இரும்பு கெடைச்சுரும், இது அவ்வளவா வராது (பாட்டி காலத்துல எஸ்டேட்டுல யாரு ஊசி போட்டா?).

நாங்க பினாங்கு சுங்கை ஜாவி பக்கம் வளர்த்தப்ப 3ஆம் நாள் 200 மில்லிகிராம் அயர்ன் டெக்ஸ்ட்ரான்ங்கற இரும்புச்சத்து ஊசி போட்டோம், கழுத்துச் சதையில. தொடையில வேணாம், கறியில கறை நிக்கும்.

இப்ப இருக்கற குட்டிக்கு கண் இமைய பொரட்டிப் பாருங்க, உள்ள வெள்ளைத் தாளு மாதிரி இருந்தா அன்னிக்கே மிருக டாக்டர கூப்பிடுங்க, பிடிக்கறப்ப தொரத்தாதீங்க, ஓடுனாலே பொத்துன்னு விழுந்துரும். தாய்க்கு இரும்பு டானிக் குடுத்தா பால்ல ஏறும்னு எவனாவது சொன்னா நம்பாதீங்க, ஏறாது.