இத்தனை பெயர்கள் எதற்கு?

கேள்வி: இத்தாலிய ஒளிப்பதிவாளரும் தயாரிப்பாளருமான அரிஸ்டிடே மாசச்செசியைச் சென்ற இதழில் 'கைதேர்ந்தவர்' என்று எழுதியிருந்தீர்கள். ஜோ டமாட்டோ என்ற பெயரில் ஆபாசப் படங்களும் ரத்தக் களறிகளும் எடுத்துத் தள்ளியவர் அல்லவா அவர்? சொந்தப் பெயரைப் போட்டுக்கொள்ளவே வெட்கப்பட்ட ஒருவருக்கு ஏன் இந்த வக்காலத்து?

பதில்: எடுத்துத் தள்ளியவர்தான். ஏறத்தாழ 200 படங்களை இயக்கியவர். 1990களில் அவர் எடுத்தவற்றுள் பெரும்பாலானவை நீங்கள் குறிப்பிடும் வகையைச் சேர்ந்தவையே. ஆனால் 'வெட்கம்' என்றீர்களே, அது தவறு. 1973-இல், கிளாஸ் கின்ஸ்கி நடித்த ஒரு திகில் படத்தை அவர் தம் சொந்தப் பெயரிலேயே இயக்கினார். மற்றபடி பெரும்பாலும் புனைபெயர்களுக்குள் புகுந்துகொண்டார். மலிவான படங்களை இயக்குபவர் என்று பெயர் பரவிவிட்டால் ஒளிப்பதிவுக்கு யாரும் அழைக்கமாட்டார்கள் என்ற அச்சமே அதற்குக் காரணம். கேமராவுக்கென்று சம்பாதித்த பெயரைச் செலவழிக்காமல் வைத்திருந்தார் என்று சொல்வதே பொருத்தம்.

அந்தப் பெயருக்கு அன்று என்ன மதிப்பு இருந்தது என்பதற்கு 1972-இல் வந்த 'சோலாஞ்சை என்ன செய்தீர்கள்?' ஒன்றே போதும். அதை இயக்கிய மாசிமோ டல்லமானோ, செர்ஜியோ லியோனேயின் 'டாலர்' வரிசை கவ்பாய் படங்களில் முதல் இரண்டுக்கு ஒளிப்பதிவு செய்தவர். வெளிச்சத்தின் நுணுக்கம் அறிந்த அப்படிப்பட்ட ஒருவர் இயக்குநர் நாற்காலியில் அமர்ந்தபோது கேமராவை நம்பி ஒப்படைத்தது மாசச்செசியிடம்தான். தேம்ஸ் நதியில் படகில் இருக்கும் பெண், கரையோர மரங்களுக்கிடையே ஒரு கத்தி மின்னுவதைக் கண்ணிமைக்கும் நேரத்தில் கண்டுவிடும் தொடக்கக் காட்சியைப் பாருங்கள். நாம் பார்த்தோமா, இல்லையா என்ற அந்தச் சந்தேகத்தின்மேல்தான் முழுக் கதையும் நிற்கிறது. 1974-இல் அல்பெர்ட்டோ டி மார்ட்டினோவின் 'லான்டிக்ரிஸ்டோ' என்ற திகில் படத்துக்கும் இதே பெயரில்தான் ஒளிப்பதிவு செய்தார்.

தாமே இயக்கிய படங்களிலும் பெரும்பாலும் கேமராவைப் பிறரிடம் கொடுக்கவில்லை. இயக்கம் டேவிட் ஹில்ஸ், ஒளிப்பதிவு ஃபெடெரிகோ ஸ்லோனிஸ்கோ என்று டைட்டிலில் இருவராகத் தெரிபவர்கள், படப்பிடிப்புத் தளத்தில் ஒரே ஆள். இதில் சிக்கனம் உண்டு, வேகம் உண்டு. நல்ல படம் எப்போதும் கிடைத்ததா என்று கேட்டால், இல்லை. 1980-இல் அவர் இயக்கிய 'ஆந்த்ரோபோஃபாகஸ்' என்ற கொடூரத் திகில் படம் பிரிட்டனில் வீடியோ கடைகளுக்கு எதிரான வழக்குகள் வரை போய்ப் புகழ்பெற்றது. அந்தச் சர்ச்சையை நீக்கிவிட்டால், தீவில் ஆட்கள் நடந்துகொண்டே இருக்கும் அலுப்பான படம்.

தயாரிப்பாளராக அவர் செய்ததை நீங்கள் தொடவே இல்லை. தம் உதவியாளராக இருந்த மிக்கேலே சோவாவியிடம் ஆற்றல் இருப்பதைக் கண்டு, தம் ஃபில்மிராஜ் நிறுவனத்தின் மூலம் முதல் கதைப்படமான 'டெலீரியா'வை 1987-இல் இயக்க வைத்தார். பூட்டிய நாடக அரங்குக்குள், ஆந்தை முகமூடி அணிந்த கொலைகாரனோடு சிக்கிக்கொள்ளும் நடிகர்களின் கதை அது. அன்றைய இத்தாலியத் திகில் படங்களில் இன்றும் விரும்பிப் பார்க்கப்படுபவற்றுள் அதுவும் ஒன்று. தாமே இயக்கியிருந்தால் அப்படி வந்திராது என்பது என் கணிப்பு. அது அவருக்கும் தெரிந்திருக்க வேண்டும்.

உலகின் மிக மோசமான படங்களுள் ஒன்று என்று கேலி செய்யப்படும் 'ட்ரோல் 2' படத்தையும் அதே நிறுவனம்தான் தயாரித்தது என்று அடுத்த கடிதத்தில் எழுதுவதாக இருந்தால், தபால் செலவை மிச்சப்படுத்துங்கள், இப்போதே ஒப்புக்கொள்கிறேன்.