ஒரு டிரே டூனா பாஸ்தா, நாலு மதியச் சாப்பாடு

கோபிசெட்டிபாளையம் பக்கத்திலிருந்து அமெரிக்காவின் ஒஹாயோ மாநிலத்துக்கு மேல்படிப்புக்குப் போய் சில மாதங்களே ஆன ஒரு அம்மணி கேட்டிருக்கிறார்: "அக்கா, இந்தியக் கடையில் வாங்கிச் சமைத்தால் கட்டுப்படியாகவில்லை. வெளியில் சாப்பிட்டாலும் காசு நிற்பதில்லை. கூடத் தங்கியிருக்கும் பெண் டூனா மீனும் பாஸ்தாவும் ஒரே டிரேயில் சேர்த்து ஓவனில் வைத்து, கேசரோல் என்று ஒன்று செய்தாள், நன்றாக இருந்தது. அதைக் குறைந்த செலவில் நானே செய்ய முடியுமா? டின் மீனைத் தினமும் சாப்பிடலாமா?"

தாராளமாகச் செய்யலாம் அம்மணி. தினமும் மட்டும் வேண்டாம், அதற்குக் காரணம் பின்னால் சொல்கிறேன்.

முதலில் காசு விஷயம். நான் இப்போது விடுமுறைக்குக் கவுந்தப்பாடி வந்திருக்கிறேன். அம்மாவுக்கு இதே பாஸ்தாவைச் செய்து கொடுக்கலாம் என்று டூனா டின் தேடினால் உள்ளூரில் இல்லை. ஈரோட்டில் ஒரு பெரிய கடையில் கிடைத்தது, ஒரு டின் 200 ரூபாய்க்கு மேல். அதோடு சீஸும் பாஸ்தாவும் சேர்ந்தால், அந்தக் காசில் இங்கே வீடே இரண்டு நாளைக்கு அரிசியும் பருப்பும் சாதம் நெய் ஊற்றிச் சாப்பிட்டுவிடும். அங்கே கதை நேர்மாறு. சின்ன வெங்காயமும் முருங்கைக்காயும் கறிவேப்பிலையும் கடல் தாண்டி வந்த விலையில் இருக்கும். டூனாவும் பாஸ்தாவும் உறைந்த பட்டாணியும்தான் அந்த ஊர்க்காரர்கள் மாதக் கடைசியில் வாங்குகிற சாமான். நீங்கள் அங்கே இருக்கும்வரை வாரத்தில் நாலு வேளையாவது அந்த ஊர்ச் சாமானில் சமையுங்கள். மிச்சமாகும் காசில் ஞாயிற்றுக்கிழமை சின்ன வெங்காயம் வாங்கிச் சாம்பார் வையுங்கள், மனசுக்கும் வேண்டுமல்லவா.

கடை என்று எடுத்தால், குறைந்த விலைக்குப் பேர்போன ஆல்டி கடை பக்கத்தில் இருக்கிறதா என்று பாருங்கள். தள்ளுவண்டி எடுக்க 25 சென்ட் நாணயம் ஒன்று போட வேண்டும், வண்டியைத் திரும்ப விட்டால் நாணயம் வந்துவிடும். பை கையோடு கொண்டு போங்கள். எந்தக் கடையானாலும் அந்தக் கடையின் சொந்தப் பெயரில் வரும் பாஸ்தா, டூனா, பால் போதும். விளம்பரத்தில் வரும் பெயருக்குக் கூடுதல் காசு கொடுக்கத் தேவையே இல்லை. சீஸ் மட்டும் துருவியதாக வாங்காமல் கட்டியாக வாங்குங்கள். துருவியதில் ஒட்டாமல் இருக்க மாவு தூவியிருப்பார்கள், அது சாஸில் சரியாக உருகாது. விலையும் பெரும்பாலும் அதிகம். எல்லாம் சேர்த்து ஒரு டிரேக்கு ஏறத்தாழ 6 டாலர் வரும், நாலு வேளைச் சாப்பாடு.

அமெரிக்க வீடுகளில் இந்தக் கேசரோல் நம் அரிசியும் பருப்பும் சாதம் மாதிரி. வேலை முடிந்து அலுப்பாக வருகிற நாளில், வீட்டில் இருப்பதை ஒரே பாத்திரத்தில் போட்டு இறக்குவது. கேம்ப்பெல் நிறுவனம் 1934-இல் காளான் கிரீம் சூப்பை டின்னில் கொண்டுவந்த பிறகு, அதையே சாஸாக ஊற்றிச் செய்கிற பழக்கம் பரவியது. உங்கள் தோழியும் அந்த டின்னைத்தான் திறந்திருப்பார். நான் அதை வாங்கச் சொல்ல மாட்டேன். விலையில் பெரிய வித்தியாசம் இல்லை, ஆனால் அதில் உப்பு தூக்கலாக இருக்கும். டூனாவிலும் சீஸிலும் ஏற்கெனவே உப்பு உண்டு. அதைவிட முக்கியம், வெள்ளை சாஸ் வைக்கக் கை பழகிவிட்டால் வீட்டில் பாலும் மைதாவும் வெண்ணெயும் இருக்கும்வரை பட்டினி கிடக்க வேண்டியதில்லை.

அதனால் சாஸைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன். அடி கனமான பாத்திரத்தில் 3 மேசைக்கரண்டி வெண்ணெய். ஊத்துக்குளி வெண்ணெயின் வாசத்தை எதிர்பார்க்காதீர்கள், உப்பில்லாத சாதா வெண்ணெய் போதும். உருகியதும் ஒரு பெரிய வெங்காயத்தைப் பொடியாக நறுக்கிப் போட்டு, நிறம் மாறாமல் வதக்குங்கள். இரண்டு பல் பூண்டு, இரண்டு பச்சை மிளகாய் கீறிப் போடலாம். அப்புறம் 3 மேசைக்கரண்டி மைதா. தீயைக் குறைத்து இரண்டு நிமிடம் கிளறுங்கள். பச்சை மாவு வாசம் போக வேண்டும், ஆனால் சிவக்கக் கூடாது. இப்போது பால். இரண்டரைக் கப், அதாவது 600 மில்லி. முதலில் அரைக் கரண்டி ஊற்றிக் கிளறினால் மாவு கெட்டியாக உருண்டு வரும், பயப்படாதீர்கள். மறுபடி கொஞ்சம், மறுபடி கொஞ்சம். மாவு நெகிழ்ந்த பிறகு மீதிப் பாலை ஒரேயடியாக ஊற்றலாம். கைவிடாமல் கிளறிக் கொதி வரவிட்டால், கரண்டியின் முதுகில் மெல்லப் படிகிற பதத்துக்கு வரும். அங்கேயே நிறுத்துங்கள். பார்க்க நீர்க்க இருக்கிறதே என்று தோன்றும், இருக்கட்டும். ஓவனுக்குள் போனதும் பாஸ்தா அத்தனையும் உறிஞ்சிக்கொள்ளும். சாஸ் அடுப்பிலேயே கெட்டியாகிவிட்டால் கேசரோல் வறண்டு, தொண்டையில் நிற்கும். அடுப்பை அணைத்த பிறகு துருவிய செடார் சீஸ் ஒரு கப்பில் முக்கால் பங்கைப் போட்டுக் கிளறி, மிளகை நிறையப் பொடித்துப் போடுங்கள். உப்பைக் கடைசியில் ருசி பார்த்து மட்டும் போடுங்கள்.

மஞ்சள் தூள், கரம் மசாலா வேண்டாம். ஈரோட்டுக்காரி நானே சொல்கிறேன், பாலும் சீஸும் சேர்ந்த இடத்தில் மஞ்சள் ஒட்டவே ஒட்டாது. மிளகும் பச்சை மிளகாயும் காரத்துக்குப் போதும்.

மற்றதெல்லாம் சுலபம். ஒரு பவுண்டு பாஸ்தாப் பெட்டியில் பாதி, அதாவது 225 கிராம். அட்டையில் போட்டிருக்கும் நேரத்துக்கு இரண்டு நிமிடம் முன்னாலேயே வடித்துவிடுங்கள். 5 அவுன்ஸ் டூனா டின் இரண்டைத் திறந்து, தண்ணீரை நன்றாக வடித்து உதிருங்கள். எண்ணெயில் போட்டதைவிடத் தண்ணீரில் போட்டது இதற்குப் பொருந்தும். உறைந்த பட்டாணி ஒரு கப், வேக வைக்காமலே போடலாம். எல்லாவற்றையும் சாஸில் புரட்டி, 8 அங்குலச் சதுர டிரேயில் கொட்டி, மீதிச் சீஸைத் தூவுங்கள். மேலே பழைய ரொட்டியை உதிர்த்து வெண்ணெயில் பிசறியோ, உருளைக்கிழங்கு சிப்ஸை நொறுக்கியோ போட்டால் மொறுமொறுப்பாக வரும். ஓவன் 375 பாரன்ஹீட், நம் கணக்கில் 190 செல்சியஸ். முன்கூட்டியே சூடாகட்டும். 20 முதல் 25 நிமிடத்தில் ஓரமெல்லாம் கொதித்து மேலே பொன்னிறமாகும். பரிமாறும்போது எலுமிச்சை பிழிந்துகொள்ளுங்கள், மீன் வாசம் அடங்கிவிடும். பவானிசாகர் அணை மீன் சாப்பிட்டு வளர்ந்த வாய்க்கு டின் மீன் முதலில் ஒரு மாதிரி இருக்கும், அந்த எலுமிச்சை நன்றாக உதவும்.

கண்ணாடி டிரே என்றால் ஒரு எச்சரிக்கை. ஓவனிலிருந்து எடுத்ததும் ஈரமான மேடையிலோ சிங்க்கிலோ வைக்காதீர்கள், வெடித்துவிடலாம். காய்ந்த துணிமேல் வையுங்கள். ஓவன் கையுறையும் காய்ந்ததாக இருக்க வேண்டும்.

ஓவன் கெட்டுப்போனாலும் கவலை இல்லை. இங்கே அம்மா வீட்டில் ஓவன் கிடையாது. அடி கனமான வாணலியில் போட்டு, மூடி, தோசைக்கல் மேல் வைத்துச் சின்னத் தீயில் கால் மணி நேரம் விட்டேன். ரொட்டித் தூளை மட்டும் தனியாக வெண்ணெயில் வறுத்துத் தூவினேன். அம்மா இரண்டாவது தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

இனி, தினமும் ஏன் வேண்டாம் என்பது. டூனாவில் பாதரசம் இருக்கிறது. டின்னில் 'லைட்' என்று போட்டிருப்பதில் குறைவு, 'அல்பகோர்' அல்லது 'ஒயிட்' என்று போட்டிருப்பதில் அதைவிட ஏறக்குறைய மூன்று மடங்கு. அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் கர்ப்பிணிகளுக்கும் கர்ப்பம் தரிக்கக்கூடிய வயதுப் பெண்களுக்கும் லைட் வகையை வாரம் இரண்டு மூன்று பங்கும், அல்பகோரை ஒரு பங்கும் சாப்பிடலாம் என்கிறது. ஒரு பங்கு 4 அவுன்ஸ். நம் டிரேயில் இரண்டு டின்னை நாலாகப் பிரிப்பதால் ஒரு தட்டில் சுமார் அரைப் பங்குதான் வரும். ஆக, லைட் டின் வாங்கி வாரம் ஒரு டிரே என்றால் பயமில்லை. லைட்தான் விலையும் குறைவு. அதே வாரத்தில் டூனா சாண்ட்விச்சும் சேர்த்துக்கொள்ளாதீர்கள்.

ஆறவிட்டு இரண்டு மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜில் வைத்துவிடுங்கள். மூன்று நாலு நாள் தாங்கும். சூடு பண்ணும்போது ஒரு மேசைக்கரண்டி பால் தெளித்தால் மறுபடி நெகிழும். ஆனால் டிபார்ட்மென்டில் எல்லோரும் பயன்படுத்தும் மைக்ரோவேவில் மீனைச் சூடு பண்ணாதீர்கள். வாய்விட்டு யாரும் ஒன்றும் சொல்ல மாட்டார்கள், முகம் சுளிப்பார்கள். காலையில் வீட்டிலேயே ஆவி பறக்கச் சூடு பண்ணி, ஊரிலிருந்து கொண்டுபோன பிளாஸ்க்கில் போட்டுக்கொண்டு போங்கள்.

கூடத் தங்கியிருப்பவர்களில் சைவம் யாராவது இருந்தால், டூனாவுக்குப் பதில் வெந்த கொண்டைக்கடலையைப் போட்டு இன்னொரு சின்ன டிரே வையுங்கள். சீஸில் ரென்னெட், அதாவது பாலைத் திரிக்கக் கன்றுக்குட்டியின் வயிற்றிலிருந்து எடுக்கும் பொருள், சேர்ந்திருக்கிறதா என்று அட்டையைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

கடைசியாக ஒன்று, இதை அக்காவாகச் சொல்கிறேன். ஒவ்வொரு டாலரையும் ரூபாயாக மாற்றிப் பார்த்துவிட்டு, மதியம் சாப்பிடாமல் விடுகிற பிள்ளைகளை நிறையப் பார்த்திருக்கிறேன். வீட்டில் கேட்டால் "சாப்பிட்டேன்" என்பார்கள். நீங்கள் அப்படி இருக்காதீர்கள். அங்கே பல பல்கலைக்கழகங்களில் மாணவர்களுக்கென்று உணவு வங்கி இருக்கிறது. பாஸ்தா, டூனா, டின் பட்டாணி போன்றவை இலவசமாகவே கிடைக்கும். உங்கள் பல்கலைக்கழகத்தில் இருக்கிறதா, வெளிநாட்டு மாணவர்களும் எடுக்கலாமா என்று மாணவர் அலுவலகத்தில் கேளுங்கள். முடை வந்த மாதத்தில் அங்கே போய் எடுப்பதில் கௌரவக் குறைச்சல் எதுவும் இல்லை. இந்த வாரமே போய்க் கேளுங்கள். உங்கள் ஓவன் கேஸா கரண்டா என்றும் எழுதுங்கள், மேல் பகுதி சிவக்க எந்தத் தட்டில் வைப்பது என்று அதைப் பார்த்துச் சொல்கிறேன்.