ஓமானிலிருந்து ஐரோப்பாவுக்குப் போய்ப் பெயர் எடுத்த கால்பந்து வீரர் யாராவது இருக்கிறாரா?

இருக்கிறார். அலி அல் ஹப்ஸி. கோல்கீப்பர். 2020-ல் ஓய்வு பெற்றுவிட்டார். இங்கிலாந்து பிரீமியர் லீக்கில் ஆடிய முதல் ஓமானி அவர்தான்.

2007 முதல் 2013 வரை ஆறு வருடம் நான் மஸ்கட்டில் வேலை பார்த்தேன். காலாவில் ஒரு கம்பெனியின் குடோனில் ஸ்டோர் வேலை, தங்குவது ரூவியில். அங்கே போவதற்கு முன் எனக்குக் கால்பந்து பற்றி ஒன்றும் தெரியாது. அல் ஹப்ஸியின் பெயரை எனக்குச் சொன்னவர் எங்கள் கம்பெனியின் பி.ஆர்.ஓ. ஓமானி, ஷர்கியா பக்கத்து முதைபிக்காரர். விசா, லேபர் கார்டு என்று அலைகிற வேலை அவருக்கு. காரில் போகும்போதெல்லாம் அரைகுறை ஹிந்தியில் கால்பந்து பேசுவார். "சதீக், அலி எங்கள் ஊர் கிளப்பில் ஆடியவன்" என்று (சதீக் என்றால் அரபியில் நண்பன்) முதல் நாளே சொன்னார். அந்தக் குரலில் இருந்த பெருமை இன்னும் என் காதில் இருக்கிறது.

அவர் சொன்னது உண்மைதான். அல் ஹப்ஸி 1981 டிசம்பர் 30-ல் பிறந்தவர். ஆட ஆரம்பித்தது முதைபி கிளப்பில். அது அப்போது ஓமானின் மூன்றாம் டிவிஷனில் இருந்த கிளப். கால்பந்தை வைத்துச் சாப்பிட முடியாத காலம் அது. அதனால் மஸ்கட்டின் சீப் விமான நிலையத்தில் தீயணைப்பு வீரராக வேலை பார்த்தார். பலர் இதை ஒரு வரியில் சொல்லிவிட்டு அடுத்த விஷயத்துக்குப் போய்விடுவார்கள். எனக்கு அவருடைய வாழ்க்கையில் மிக முக்கியமான தகவல் இதுதான் என்று படுகிறது.

விமான நிலையத் தீயணைப்பு வேலை என்றால் என்ன என்று யோசித்துப் பாருங்கள். பெரும்பாலான நாட்களில் ஒன்றுமே நடக்காது. வண்டியைத் துடைத்து, தண்ணீர் நிரப்பி, குழாயைச் சரிபார்த்துவிட்டு உட்கார்ந்திருக்க வேண்டும். ஆனால் மணி அடித்தால் 3 நிமிடத்துக்குள் ஓடுபாதையின் எந்தக் கோடிக்கும் போய்ச் சேர வேண்டும். அதுதான் சர்வதேச விதி. கோல்கீப்பர் வேலையும் இதே ஜாதிதான். 89 நிமிடம் சும்மா நிற்க வேண்டியிருக்கும், தொண்ணூறாவது நிமிடத்தில் ஒரு பந்து வரும். அதற்காகத்தான் மற்ற நேரமெல்லாம் விழித்திருப்பது. அலியின் வாழ்க்கை முழுக்க இந்தக் காத்திருப்பு வந்துகொண்டே இருக்கும்.

அவரைக் கண்டுபிடித்தவர் ஜான் பரிட்ஜ் என்கிற ஆங்கிலேயர். பரிட்ஜும் கோல்கீப்பர்தான். இங்கிலாந்தில் இருபதுக்கும் மேற்பட்ட கிளப்களுக்கு ஆடியவர். 43 வயதில் மான்செஸ்டர் சிட்டிக்காக பிரீமியர் லீக்கில் இறங்கியவர். பிறகு ஓமான் வந்து தேசிய அணியின் கோல்கீப்பர்களுக்குப் பயிற்சி கொடுத்தார். உயரமாக, நீண்ட கைகளோடு இருந்த இந்தப் பையனைப் பார்த்தவுடன், இவன் ஐரோப்பாவில் ஆட வேண்டியவன் என்று அவருக்குத் தோன்றிவிட்டது. முதைபியிலிருந்து சலாலாவின் அல் நஸர் கிளப்புக்குப் போன அலி, 2003-ல் ஐரோப்பாவுக்குக் கிளம்பினார்.

இங்கிலாந்துக்கு நேராகப் போயிருக்கலாமே என்று கேட்கலாம். அங்கே ஒர்க் பர்மிட் விதி குறுக்கே நின்றது. அன்றைய விதிப்படி, ஐரோப்பாவுக்கு வெளியே இருந்து வருகிறவர் தன் நாட்டு அணியின் முக்கிய ஆட்டங்களில் குறைந்தது 75 சதவீதம் ஆடியிருக்க வேண்டும். அது போக, அந்த நாடும் ஃபிஃபா தரவரிசையில் முதல் 70 இடங்களுக்குள் இருக்க வேண்டும். அலி எவ்வளவு நன்றாக ஆடினாலும் ஓமானின் இடத்தை அவர் ஒருவரால் உயர்த்த முடியாது. வளைகுடாவில் விசாவுக்காகக் காத்திருந்த எவருக்கும் இந்த வலி புரியும். கையில் வேலை இருக்கும், காகிதம் இருக்காது.

அதனால் நார்வே. தலைநகர் ஆஸ்லோவில் லின் என்கிற கிளப். கோடையில் 45 டிகிரி அடிக்கிற ஊரிலிருந்து பனி கொட்டுகிற ஊருக்கு, 21 வயதில். அங்கே அவர் வெறுமனே தாக்குப்பிடித்ததோடு நிற்கவில்லை, பெயரும் எடுத்தார். 2004-ல் நார்வே லீக்கின் சிறந்த கோல்கீப்பர் விருது அவருக்குத்தான். அதே வருடம் லின் அணி நார்வே கோப்பை இறுதிப் போட்டி வரை போய் பிரான் அணியிடம் 4-1 என்று தோற்றது.

2006 ஜனவரியில் இங்கிலாந்தின் போல்டன் வாண்டரர்ஸ் அவரை எடுத்தது. கனவு பலித்துவிட்டது என்று நினைப்போம் இல்லையா? அங்கேதான் அடுத்த காத்திருப்பு ஆரம்பித்தது. போல்டனில் யூசி யாஸ்கெலைனன் என்ற ஃபின்லாந்துக்காரர் 1997-லிருந்தே இருந்தார். அசைக்க முடியாத ஆள். பொதுவாக ஒரு அணியில் கோல்கீப்பரை மாற்றவே மாட்டார்கள். அவருக்கு அடிபட்டால்தான் இரண்டாவது ஆளுக்கு வாய்ப்பு. அலி போல்டனுக்காக முதல் ஆட்டம் ஆடியது 2007 செப்டம்பரில், லீக் கோப்பையில் ஃபுல்ஹாமுக்கு எதிராக. சேர்ந்து 20 மாதம் கழித்து! அந்த நவம்பரில் மியூனிக் போய் பேயர்ன் அணியோடு 2-2 என்று டிரா செய்த ஆட்டத்தில் அவர்தான் கோல்கீப்பர். மற்றபடி நாலரை வருடத்தில் அவர் போல்டனுக்காக ஆடிய லீக் ஆட்டங்களை விரல் விட்டு எண்ணிவிடலாம்.

ஆனால் அதே காலத்தில் ஓமானில் அவர் நிலைமையே வேறு.

வளைகுடா நாடுகளுக்கு இடையே நடக்கும் கல்ஃப் கப் அங்கே எவ்வளவு பெரிய விஷயம் என்பதை நேரில் பார்த்தால்தான் நம்ப முடியும். உலகக் கோப்பை கூட அப்புறம்தான். ஓமான் 1974 முதல் அதில் ஆடிக்கொண்டிருந்தது, ஆனால் பெரும்பாலும் அடிமட்டத்திலேயே முடித்தது. அலியும் அவர் வயதுப் பையன்களும் வந்தபிறகுதான் நிலைமை மாறியது. 2004-ல் தோஹாவில் இறுதிப் போட்டி. கத்தாரிடம் பெனால்டியில் தோல்வி. 2007-ல் அபுதாபியில் மறுபடியும் இறுதிப் போட்டி. ஐக்கிய அரபு அமீரகத்திடம் 1-0 தோல்வி. இரண்டு முறையும் கோப்பையை நடத்திய நாடே தட்டிக்கொண்டு போனது. 2009 ஜனவரியில் அது மஸ்கட்டுக்கு வந்தது. இனி எங்கள் முறை என்று ஊரே பேசியது.

அந்தத் தொடரை நான் முழுக்கப் பார்த்தேன். ரூவியில் எங்கள் அறைக்குக் கீழே ஒரு மலையாளி கஃபிடீரியா. அங்கே டிவிக்கு முன்னால் ஓமானி, பலூச்சி, பங்களாதேஷி, தமிழன் என்று எல்லாரும் ஒரே பெஞ்சில். குவைத்தோடு 0-0. ஈராக்கை 4-0. பஹ்ரைனை 2-0. அரையிறுதியில் கத்தாரை 1-0. ஜனவரி 17 அன்று சுல்தான் காபூஸ் மைதானத்தில் சவூதியோடு இறுதிப் போட்டி. கூடுதல் நேரமும் முடிந்து 0-0. கவனித்தீர்களா? ஐந்து ஆட்டம், கூடுதல் நேரமும் சேர்த்து, அலி ஒரு கோல்கூட விடவில்லை. அந்த சீசனில் போல்டனுக்காக அவர் லீக்கில் ஒரு ஆட்டம்கூட ஆடியிருக்கவில்லை. வாரக்கணக்கில் பெஞ்சில் உட்கார்ந்திருந்த மனிதர் ஊருக்கு வந்து இப்படி ஆடினார்.

பெனால்டி ஆரம்பித்ததும் கஃபிடீரியாவில் யாரும் மூச்சு விடவில்லை. பி.ஆர்.ஓ. டிவியைப் பார்க்காமல் சுவரைப் பார்த்து நின்றார். என்ன ஆச்சு என்று நாங்கள்தான் ஒவ்வொரு உதைக்கும் அவருக்குச் சொன்னோம். 6-5. ஓமான் ஜெயித்தது. அந்தப் பெரிய மனிதர் கண்ணீரோடு என்னைக் கட்டிப்பிடித்து, டீ ஆற்றிக்கொண்டிருந்தவரையும் கட்டிப்பிடித்தார். விடிய விடிய ரூவி முழுக்க ஹாரன் சத்தம். கார் கூரைகளில் சிவப்பு, வெள்ளை, பச்சைக் கொடிகளோடு பையன்கள். ஓமானிகள் இயல்பாகவே அமைதியானவர்கள். அவர்களை அப்படி அதற்கு முன்னாலும் பின்னாலும் நான் பார்த்ததில்லை. தொடரின் சிறந்த கோல்கீப்பர் விருது அலிக்கு. தொடர்ந்து நான்காவது முறை.

சரி, மறுபடி இங்கிலாந்து. 2010-ல் விகன் அத்லெடிக் அவரைக் கடனாக வாங்கியது. அந்த சீசனின் முதல் இரண்டு லீக் ஆட்டங்களில் சொந்த மைதானத்திலேயே பிளாக்பூலிடம் 0-4, செல்சியிடம் 0-6 என்று விகன் அடிவாங்கியிருந்தது. மூன்றாவது ஆட்டம் டாட்டன்ஹாம் மைதானத்தில். கோலில் அலியை நிறுத்தினார்கள். விகன் 1-0 என்று ஜெயித்தது! அதற்கப்புறம் அந்த இடம் அவருடையது. கடைசி நாளில் ஸ்டோக்கை 1-0 என்று தோற்கடித்து, கீழ் டிவிஷனுக்கு இறங்காமல் தப்பினார்கள். கிளப்பின் அந்த வருடத்தின் சிறந்த வீரர் அவர்தான். 2011-ல் நிரந்தரமாக எடுத்துக்கொண்டார்கள்.

விகன் சின்ன ஊர், சின்ன பட்ஜெட். எதிரணி நாள் முழுக்க அடித்துக்கொண்டே இருக்கும், கோல்கீப்பருக்கு ஓய்வே கிடையாது. அதனாலேயே அவர் திறமை வெளியே தெரிந்தது என்று நினைக்கிறேன். பெனால்டி தடுப்பதில் மன்னன். 2011 டிசம்பரில் லிவர்பூலின் சார்லி ஆடம் அடித்ததைத் தடுத்தார், ஆட்டம் 0-0. 2012 செப்டம்பரில் மான்செஸ்டர் யுனைடெட்டின் ஓல்ட் டிராஃபோர்ட் மைதானத்தில் ஹெர்னாண்டஸ் அடித்ததைத் தடுத்தார். அந்த ஆட்டத்தில் விகன் 4-0 என்று தோற்றது, அது வேறு விஷயம். 2012 ஏப்ரலில் மான்செஸ்டர் யுனைடெட்டை 1-0 என்று வீழ்த்தியபோதும் கோலில் இவர்தான். மறுநாள் எங்கள் குடோனில் யுனைடெட் ரசிகனான ஒரு பையனை பி.ஆர்.ஓ. தேடி வந்து கைகுலுக்கிவிட்டுப் போனார்.

2013-ஐ நினைத்தால் எனக்கு இன்றும் மனசு கனக்கும். மே 11, லண்டனின் வெம்ப்ளி மைதானம். எஃப்.ஏ. கோப்பை இறுதிப் போட்டியில் விகன் மான்செஸ்டர் சிட்டியை 1-0 என்று வென்றது. 91-வது நிமிடத்தில் பென் வாட்சன் தலையால் முட்டிய கோல். அந்தக் கிளப்பின் சரித்திரத்திலேயே மிகப் பெரிய நாள். ஆனால் அன்று கோலில் நின்றது ஜோயல் ரோப்லெஸ். அலி பெஞ்சில் இருந்தார். மூன்றே நாளில், மே 14 அன்று, ஆர்சனலிடம் 4-1 என்று தோற்று விகன் பிரீமியர் லீக்கிலிருந்து கீழே இறங்கியது. ஒரே சீசனில் எஃப்.ஏ. கோப்பையும் வாங்கி இறங்கவும் செய்த முதல் அணி அதுதான். ஜூன் 18 அன்று ஜோர்டானிடம் ஓமான் 1-0 என்று தோற்க, உலகக் கோப்பைக் கனவும் போனது. நாற்பது நாட்களுக்குள் ஒரு மனிதருக்கு இவ்வளவும். அதன் பிறகு அவர் பிரீமியர் லீக்கில் ஆடவே இல்லை.

மிச்சத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். பிரைட்டனில் கொஞ்ச நாள், அப்புறம் ரெடிங். 2017 மே மாதம் ரெடிங்கோடு மறுபடியும் வெம்ப்ளி. ஜெயித்தால் கீழ் டிவிஷனிலிருந்து பிரீமியர் லீக்குக்கு ஏறலாம். இந்த முறை பெஞ்சில் இல்லை, கோலில் நின்றார். ஹடர்ஸ்ஃபீல்டோடு 0-0, பெனால்டியில் ஒன்றைத் தடுத்தும் 4-3 என்று தோல்வி. பிறகு சவூதியின் அல் ஹிலாலில் சேர்ந்து, 2017-18-ல் அந்த அணியோடு லீக் பட்டம். 2018 ஜனவரியில் குவைத்தில் ஓமான் இரண்டாவது முறை கல்ஃப் கப் வாங்கியபோது கோலில் இருந்தது ஃபாயிஸ் அல் ருஷைதி. அலி அணியில் இல்லை.

மைதானத்துக்கு வெளியே அவர் செய்த ஒரு வேலையைச் சொல்லாமல் விட முடியாது. ரேலி கார் ஓட்டுநர் ஹமத் அல் வஹைபியோடு சேர்ந்து 'ஸேஃப்டி ஃபர்ஸ்ட்' என்ற சாலைப் பாதுகாப்பு அமைப்பை ஆரம்பித்தார். ஓமானில் வண்டி ஓட்டியவர்களுக்கு அதன் அருமை தெரியும். ஆதமிலிருந்து தும்ரைத் வரை பாலைவனத்தின் நடுவே ஆடாமல் அசையாமல் நேராகப் போகும் சலாலா ரோடு. அந்த ரோட்டில்தான் என் அறைத் தோழன் ஒருவனை இழந்தேன். மெதுவாகப் போ என்று அரசாங்கம் சொன்னால் கேட்காத பையன்கள் அலி சொன்னால் கேட்பார்கள் என்று பி.ஆர்.ஓ. சொல்வார்.

அவரை நான் நேரில் பார்த்தது ஓமானில் இல்லை, பெங்களூரில். 2015 ஜூன் 11, கண்டீரவா மைதானம், உலகக் கோப்பைத் தகுதிச் சுற்றில் இந்தியா - ஓமான். ஓசூரிலிருந்து பஸ் பிடித்துப் போனேன். முதல் நிமிடத்திலேயே ஓமான் கோல் போட்டது. 26-வது நிமிடத்தில் சுனில் சேத்ரி தூரத்திலிருந்து அடித்த பந்து அலியைத் தாண்டி உள்ளே போனபோது மொத்த மைதானமும் எழுந்து கத்தியது. நானும் கத்தினேன், தொண்டை கட்டும் வரை. கடைசியில் ஓமான் 2-1 என்று ஜெயித்தது. கூட்டம் கலைந்த பிறகும் நான் கொஞ்ச நேரம் நின்றிருந்தேன். கையுறையைக் கழற்றியபடி அவர் நடந்து போவதை மொபைலில் ஒரு படம் எடுத்து முதைபிக்கார பி.ஆர்.ஓ.வுக்கு அனுப்பினேன். படத்தில் அவர் கட்டை விரல் அளவுக்குத்தான் இருந்தார். ஒரு நிமிடத்தில் பதில் வந்தது: "சதீக், அது அலி தான். நடையிலேயே தெரியும்."