கட்ஜன் – கடிதம்

அன்புள்ள ஐயா,

19ஆம் நூற்றாண்டு ஆங்கில நாவல் ஒன்றை மொழிபெயர்த்துக்கொண்டிருக்கிறேன். முதல் முயற்சி, பாதி முடிந்துவிட்டது. அதில் ஒரு வக்கீல், கணவனை இழந்த ஒரு பெண்மணியைப் பற்றித் தன் குமாஸ்தாவிடம் பேசும்போது அவரை ‘கட்ஜன்’ (gudgeon) என்கிறார். அகராதியைப் பார்த்தேன். ஐரோப்பிய நன்னீர் மீன், அச்சின் முனையிலுள்ள முளை, கப்பலின் சுக்கானைத் தாங்கும் வளையம், எளிதில் ஏமாறுபவர் என்று பல பொருள்கள் இருக்கின்றன. மீன் எப்படி இரும்பாயிற்று? அந்த மீன் வழுக்கிக்கொண்டு சுழன்று திரும்புவதால்தான் சுழலும் முளைக்கும் அதன் பெயர் வந்தது என்று ஓரிடத்தில் படித்தேன். சரியா? தமிழில் ‘அயிரை’ என்று போட்டு அடிக்குறிப்பு கொடுக்கலாமா? ‘கெண்டை’ பொருத்தமாக இருக்குமா? ஆங்கிலத்துக்கு இருக்கும் சொல்வளம் நமக்கு ஏன் இல்லை என்ற ஏக்கமும் வருகிறது.

அன்புடன்,
க.

*

அன்புள்ள க.,

ஏக்கத்தை முதலில் முடித்துவிடுவோம். ‘மா’ என்ற ஓரெழுத்துக்கு நம் நிகண்டுகள் எத்தனை பொருள் சொல்கின்றன என்று ஒருமுறை பார்த்துவிட்டு வந்து ஏங்குங்கள். மொழிபெயர்க்க உட்காருகிறவர் மேசையில் ஆங்கில அகராதி இருக்கிற அளவுக்குத் தமிழ் அகராதியும் இருக்க வேண்டும். உங்கள் மேசையில் இல்லை என்று கடிதத்திலேயே தெரிகிறது.

மீன் இரும்பாகவில்லை. யாரோ ஒருவர் தூக்கம் வராத இரவில் எழுதிய கதையைப் படித்திருக்கிறீர்கள். மீனின் பெயர் பழைய பிரெஞ்சு வழியாக லத்தீனின் ‘கோபியோ’வுக்கும், அங்கிருந்து கிரேக்கத்தின் ‘கோபியோஸ்’ என்ற மீன்பெயருக்கும் போகிறது. முளையின் பெயரும் பழைய பிரெஞ்சிலிருந்து வந்ததுதான். ஆனால் அது ஆணி, முளை என்று பொருள்படும் வேறு சொல். அதன் வேரைக் குழிவெட்டும் உளியின் பெயரோடு சேர்த்துப் பார்ப்பவர்கள் உண்டு. இரண்டும் ஆங்கிலத்தில் ஒரே எழுத்துக்கூட்டலில் நின்றுவிட்டன. மாட்டுப்பாலில் இருந்து அறத்துப்பால் வந்தது என்று யாராவது எழுதினால் சிரிப்பீர்கள் அல்லவா? ஆங்கிலம் என்றதும் ஏன் அந்தச் சிரிப்பு வராமல் போகிறது?

முளையின் கதை தனியாகவே வேடிக்கையானது. கப்பலின் பின்புறத்தில் சுக்கானைத் தொங்கவிடும்போது, ஊசிபோல் இறங்குகிற பாகத்துக்குப் ‘பின்டில்’ என்று பெயர், அதை வாங்கிக்கொள்கிற வளையம்தான் கட்ஜன். என்ஜினுக்குள் வந்தால் தலைகீழ். அங்கே கட்ஜன் என்பது ஊசி. துளை வேறு பாகத்தில் இருக்கும். அமெரிக்கர்கள் இதை ‘ரிஸ்ட் பின்’ என்கிறார்கள். நம் ஊர்ப் பட்டறைகளில் பிரிட்டிஷ் பெயரே நின்றுவிட்டது. எந்த லாரிப் பட்டறையிலும் போய் ‘கட்ஜன் பின்’ என்று கேளுங்கள், எடுத்துக் கையில் கொடுப்பார்கள். நீங்கள் அகராதியில் தேடிய சொல் உங்கள் தெருமுனையில் கிரீஸ் தடவிக் கிடக்கிறது.

நான் அதை முதலில் கேட்டது சங்ககிரியில், என் தாய்மாமாவின் பட்டறையில். பிஸ்டனையும் கனெக்டிங் ராடையும் இணைக்கிற, உள்ளே கூடான எஃகுத் துண்டு அது. விரல் தடிமனைவிடச் சற்றே பெரியது, மேற்பரப்பு கண்ணாடிபோல் இருக்கும். புதுப் பிஸ்டனில் அதைப் பொருத்தும் நாளில் மாமா ஒரு தகர டின்னில் எண்ணெயை ஊற்றி ஸ்டவ்வில் வைப்பார். பிஸ்டன் அதில் கிடக்கும். அலுமினியம் சூடேறி விரிய வேண்டும். பிறகு பனியன் துணியில் சுற்றி வெளியே எடுத்து, ராடின் மேல்முனையை உள்ளே பிடித்துக்கொண்டு, பின்னைத் துளையில் வைத்துக் கட்டைவிரலால் ஒரே தள்ளு. சத்தமே இல்லாமல் உள்ளே போய்விடும். நேரம் கடத்தினால் பிஸ்டன் ஆறிச் சுருங்கிப் பாதியில் பிடித்துக்கொள்ளும். அப்போது அவசரத்தில் சுத்தியலைத் தேடுகிற பையனுக்கு அன்று சோறு இறங்காது, அப்படித் திட்டுவார். பின் நகராமல் தடுக்கிற சர்க்ளிப் என்ற வளையத்தை இருபுறமும் அமுக்கிக் காடியில் உட்காரவைத்துவிட்டு, அது முழுவதும் உட்கார்ந்ததா என்று நகத்தால் சுற்றிப் பார்ப்பார். அது ஒரு பக்கம் தெறித்தால் பின் நகர்ந்து சிலிண்டர் சுவரைக் கீறிவிடும், பிறகு என்ஜினைத் திரும்பப் பிரிக்க வேண்டியதுதான். இவ்வளவு நிதானமான மனிதர்.

அவரைத்தான் ஊர் ‘இளிச்சவாய்’ என்றது.

உங்கள் கடிதத்தைப் படித்தபோது எனக்குத் தைத்தது அந்த நான்காவது பொருள். 16ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே ஆங்கிலத்தில் கட்ஜன் என்றால் எந்த இரையைக் காட்டினாலும் கடிப்பவர் என்றாகிவிட்டது. ‘கட்ஜனை விழுங்கினான்’ என்றால் ஏமாந்தான் என்று பொருள். ஷேக்ஸ்பியரின் ‘வெனிஸ் வணிகன்’ முதல் காட்சியிலேயே கிராஷியானோ, சோகம் என்ற இரையைப் போட்டு நற்பெயர் என்ற இந்த முட்டாள் கட்ஜனைப் பிடிக்காதே என்று அன்டோனியோவிடம் சொல்கிறான். அங்கே கட்ஜன் எவருக்கும் எளிதில் சிக்குகிற மலிவான பொருள். போகட்டும், அது நாடகம்.

அந்த மீனை எப்படிப் பிடிப்பார்கள் என்று பாருங்கள். பெரும்பாலும் ஒரு சாணுக்குள் அடங்கும் மீன், வாயோரத்தில் இரண்டு சிறு மீசை, ஆற்றின் சரளைப் படுகையை ஒட்டித் திரியும். கெண்டைக் குடும்பம்தான். 19ஆம் நூற்றாண்டில் தேம்ஸ் நதியில் தட்டைப் படகுகளில் கூட்டமாகப் போய் இதைப் பிடிப்பது கோடைகாலப் பொழுதுபோக்கு. படகோட்டி ஒரு கனமான இரும்பு வாரியை நீண்ட கழியில் கட்டி, ஆற்றின் அடியைப் பரபரவென்று வாருவான். சரளை புரளும், கலங்கல் எழும், அடியில் மறைந்திருந்த புழுக்களும் பூச்சிகளும் மிதக்கும். உண்மையான உணவு! மீன்கள் கூட்டமாக வந்து மேயும். அந்தக் கலங்கலுக்கு நடுவே ஒரு தூண்டில் முள்ளும் இறங்கும். மீன் வரத்து குறைந்தால் மறுபடி வாருவார்கள்.

இதில் முட்டாள் யார்? மீன், தன் வாழ்நாள் முழுவதும் எதை நம்பி உயிர் வாழ்ந்ததோ அதையே செய்தது. கலங்கல் வந்தால் உணவு வரும், அது ஆற்றின் நியதி. அந்த நியதியைத் திருடித் தூண்டிலாக்கியவன் படகில் குடைபிடித்து உட்கார்ந்திருக்கிறான். வாரியைப் பிடித்தவனுக்கு அந்த மொழி ஒரு வசைச்சொல்லும் செய்துவைக்கவில்லை. அதைவிடக் கொடுமை, கட்ஜன் வினைச்சொல்லாகவும் புழங்கியிருக்கிறது. ஒருவரைக் கட்ஜன் செய்வது என்றால் மோசடி செய்வது. குற்றம் செய்தவனின் செயலுக்கும் ஏமாந்தவனின் பெயர்!

ஆங்கிலத்தை மட்டும் திட்டுகிறேன் என்று நினைக்க வேண்டாம். ஏமாளி, இளிச்சவாயன், ஏமாந்த சோணகிரி என்று நாம் எவ்வளவு ருசித்துச் சொல்கிறோம்! ஏமாற்றியவனைப் பற்றிப் பேசும்போது ‘பலே கில்லாடி’ என்கிறோம். குரலில் ஒரு மெச்சுதல்கூட எட்டிப் பார்க்கும்.

1990களில் தமிழ்நாட்டில் நிதி நிறுவனங்கள் தெருவுக்குத் தெரு முளைத்தது உங்கள் வயதுக்குத் தெரியாமல் இருக்கலாம். வங்கிகள் 12 விழுக்காட்டை ஒட்டி வட்டி கொடுத்த காலத்தில் மாமா பணம் போட்ட நிறுவனம் 24 கொடுத்தது. கொடுத்தது என்பதைக் கவனியுங்கள். மாதம் தவறாமல், சொன்ன தேதியில், தீபாவளிக்கு இனிப்புப் பெட்டியோடு. அந்த முதல் மாதங்களின் வட்டிதான் வாரி. மாமா அதைக் கையில் வாங்கி எண்ணிப் பார்த்தவர். எண்ணிப் பார்த்த பணத்தை நம்பாமல் ஒரு மெக்கானிக் வேறு எதை நம்புவார்?

பிறகு அவரையே முகவர் ஆக்கினார்கள். இங்கே மீனைப் பற்றி இன்னொன்று சொல்ல வேண்டும். ஐரோப்பிய ஆறுகளில் பைக் என்று ஒரு பெரிய வேட்டைமீன் உண்டு. அதைப் பிடிக்கக் கட்ஜனை உயிரோடு முள்ளில் கோத்து விடுவது பழைய வழக்கம். சின்ன மீனைப் போட்டுப் பெரிய மீனைப் பிடிப்பது என்று நாம் சொல்வது அங்கே அப்படியே நடந்தது. உயிரோடு துடிக்கிற மீனுக்குத்தான் மதிப்பு. மாமாவின் நாணயம் அப்படித் துடித்தது. சுத்தியல் தொடாத கை என்று பெயர் எடுத்தவர் சொன்னால் ஓட்டுநர்கள் பணம் போட்டார்கள், பள்ளி ஆசிரியர்கள் போட்டார்கள், வங்கிக் குமாஸ்தா ஒருவர்கூடப் போட்டார். வட்டி விகிதம் என்றால் என்னவென்று மாநிலத்துக்கே பாடம் எடுக்கக்கூடியவர்!

நிறுவனம் ஒரு திங்கட்கிழமை திறக்கவில்லை. முதலீட்டாளர் நலனைக் காக்கத் தமிழக அரசு 1997இல் தனிச்சட்டமே கொண்டுவர வேண்டியிருந்தது என்றால் எத்தனை கதவுகள் அப்படித் திறக்காமல் போயிருக்க வேண்டும் என்று நீங்களே ஊகித்துக்கொள்ளுங்கள். மாமா பட்டறையின் லேத்தை விற்று, தன் மூலமாகப் போட்டவர்களில் மிகவும் முடியாதவர்களுக்குக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுத்தார். அவர் கொடுக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. நிறுவனம் நடத்தியவரைப் பற்றி ஊர் டீக்கடையில் பேசியபோது ‘மூளைக்காரன்’ என்றார்கள். மாமா கடைக்குள் வந்ததும் பேச்சு ‘பேராசை’க்கு மாறியது. அந்தக் கடையில் நானும் உட்கார்ந்திருந்தேன். 24 விழுக்காடு பேராசை என்றால் அதே 24ஐ விளம்பரம் செய்தவனுக்கு என்ன பெயர்? இந்தக் கேள்வியை அன்றிலிருந்து பலரிடம் கேட்டுவிட்டேன். ‘அதெல்லாம் சரி, இவரும் யோசித்திருக்க வேண்டாமா’ என்பதே பதிலாக வருகிறது. இப்போது தொலைபேசியில் காவல் அதிகாரி மாதிரி பேசி மிரட்டிப் பணம் பறிக்கிறார்கள். பறிகொடுத்த முதியவரைப் பற்றிய செய்தியின் கீழே வாசகர்கள் எழுதுவதைப் படியுங்கள். பாதிப்பேர் கிழவரைத்தான் கிண்டல் செய்கிறார்கள். சிரிப்பவர் ஒவ்வொருவருக்கும் தான் சிக்கமாட்டோம் என்ற நிம்மதி வேண்டியிருக்கிறது, அதற்கு எதிரே ஒரு முட்டாள் தேவை.

எச்சரிக்கையாக இருந்தால் போதாதா என்பார்கள். இதே மீனுக்கு ரஷ்யாவில் நேர்மாறான புகழ் உண்டு. சால்டிகோவ்-ஷெட்ரின் 1883இல் எழுதிய அங்கதக் கதையில் வரும் கட்ஜன் ஞானி. தூண்டிலுக்குப் பயந்து, பைக்குக்குப் பயந்து, தானே தோண்டிய ஒற்றை வளைக்குள் நூறாண்டுக்கு மேல் நடுங்கிக்கொண்டே வாழ்கிறது. கல்யாணம் இல்லை, நண்பர் இல்லை. யாருக்கும் நல்லதோ கெட்டதோ செய்யவில்லை. சிக்கவே சிக்காத மீன். ஷெட்ரின் அதைப் பார்த்து எவ்வளவு கசப்பாகச் சிரிக்கிறார் என்பதை நீங்களே படித்துக்கொள்ளுங்கள், நான் சொல்லிக் கெடுக்க மாட்டேன். ஆங்கிலேயர் முட்டாள் என்றதும் ரஷ்யர் ஞானி என்றதும் ஒரே மீனை. மீனுக்கு இரண்டிலும் பங்கில்லை.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். அயிரை வேண்டாம். அயிரை நமக்குக் குழம்பு, தமிழில் யாரும் யாரையும் அயிரை என்று திட்டியதில்லை. கெண்டை அதைவிட மோசம், கெண்டை என்றதும் வாசகருக்குப் பெண்ணின் கண் நினைவுக்கு வரும், உங்கள் வக்கீல் காதலில் விழுந்துவிட்டார் என்று நினைப்பார். மீனை விட்டுவிடுங்கள். பேசுபவர் வக்கீல், அவர் எப்படிப்பட்டவர் என்று அந்த ஒரு சொல் காட்டிக்கொடுக்க வேண்டும். ‘சரியான இளிச்சவாய்’ என்று குமாஸ்தாவிடம் சொல்லட்டும். அது அவர் வாயில் பொருந்தும். ஆனால் பின்னால் ஆசிரியர் தன் குரலில் அந்தப் பெண்மணியைப் பற்றிச் சொல்லும் இடத்தில் ‘ஏமாந்தாள்’ என்று எழுதிவிடாதீர்கள். ‘ஏமாற்றினார்’ என்று வக்கீலை எழுவாய் ஆக்குங்கள். அடிக்குறிப்பும் வேண்டாம். நாவலில் அடிக்குறிப்பு என்பது மொழிபெயர்ப்பாளரின் தன்னிலை விளக்கம்.

கடைசியாக ஒன்று. உங்கள் கடிதத்தின் ஒரு பத்தியை மேலே நீக்கியிருக்கிறேன், அதில் ஒரு பதிப்பகத்தின் பெயர் இருந்தது. புத்தகத்தை வெளியிட ஒரு தொகையை முன்பணமாகக் கேட்கிறார்கள், முதல் பதிப்பு விற்றதும் லாபத்தோடு திருப்பித் தருவதாகச் சொல்கிறார்கள், இரண்டு எழுத்தாளர்களுக்கு அப்படித் திருப்பித் தந்ததை அந்த எழுத்தாளர்களே போனில் உறுதி செய்தார்கள் என்று மகிழ்ச்சியோடு எழுதியிருக்கிறீர்கள். மொழிபெயர்ப்பவருக்குப் பதிப்பாளர்தான் பணம் தர வேண்டும் தம்பி. அந்த இரண்டு எழுத்தாளர்கள் யார், அவர்கள் அங்கே என்ன வேலையில் இருக்கிறார்கள் என்று விசாரியுங்கள். அதுவரை ஒரு ரூபாயும் கட்ட வேண்டாம். ஏற்கெனவே கட்டிவிட்டீர்கள் என்றால் வெட்கப்பட்டுக்கொண்டு சும்மா இருக்காமல் ரசீதை எடுத்துக்கொண்டு காவல் நிலையத்துக்குப் போங்கள். எனக்கும் ஒரு பிரதி அனுப்புங்கள்.