சமான பின்னங்களில் தெரியாத எண்ணைக் காண்பது: கேள்வி பதில்

கேள்வி: 3/4 = க/20. விடை 15 என்று மகள் சரியாகச் சொல்கிறாள். ஏன் என்று கேட்டால் விழிக்கிறாள். எப்படி விளக்குவது?

பதில்: பகுதி (கீழே உள்ள எண்) 4 எப்படி 20 ஆனது? 5-ஆல் பெருக்கியதால். அப்போது தொகுதியையும் (மேலே உள்ள எண்ணையும்) 5-ஆல் பெருக்க வேண்டும். 5/5 என்பது 1 தானே! 1-ஆல் பெருக்கினால் மதிப்பு மாறாது, பின்னத்தின் தோற்றம்தான் மாறும். அவளையே 5/5 என்று எழுதிப் பெருக்கச் சொல்லுங்கள், பிடித்துக்கொள்வாள்.

கேள்வி: சார், 6/8 = 9/க. 6-ஐ எந்த முழு எண்ணால் பெருக்கினாலும் 9 வராதே?

பதில்: முதலில் சுருக்குங்கள். 6/8 என்பது 3/4. இப்போது 3 எப்படி 9 ஆகும் என்று பார்த்தால் க = 12.

கேள்வி: 2/3 = 5/க என்பதில் மேலே 3 கூடியிருக்கிறது, அதனால் கீழேயும் 3 கூட்டி 6 என்று எழுதினேன். தப்பா?

பதில்: தப்புதான். 2/3 என்பது 4/6. நீங்கள் எழுதிய 5/6 அதைவிடப் பெரியது. மேலும் கீழும் ஒரே எண்ணால் பெருக்கலாம், வகுக்கலாம். கூட்டினால் மதிப்பு மாறிவிடும். இங்கே 2 ஆனது 5 ஆக இரண்டரை மடங்கு. 3-க்கு இரண்டரை மடங்கு 7½. விடை முழு எண்ணாக வரவில்லையே என்று அடித்துவிடாதீர்கள்.

கேள்வி: ஒரு பின்னத்தின் தொகுதியை மற்றதன் பகுதியால் பெருக்கும் குறுக்குப் பெருக்கல் ஏன் சரியாக வருகிறது? யாரும் சொல்லித் தரவில்லை.

பதில்: நல்ல கேள்வி. 5/7 = க/4 என்று வைத்துக்கொள்வோம். சமமான இரண்டையும் ஒரே எண்ணால் பெருக்கினால் சமமாகவே இருக்கும். இரண்டு பகுதிகளின் பெருக்கமான 28-ஆல் பெருக்குங்கள். இடப்பக்கம் 7 அடிபட்டு 5 × 4 மிஞ்சும். வலப்பக்கம் 4 அடிபட்டு 7 × க மிஞ்சும். ஆக 7க = 20, க = 20/7. குறுக்கே போடும் அம்புக்குறி இந்த வேலையின் சுருக்கெழுத்து, அவ்வளவுதான். மூன்று எண்களை வைத்து நான்காவதைக் காணும் இந்தக் கணக்கை ஆரியபட்டர் 499-லேயே சூத்திரமாகச் சொல்லியிருக்கிறார்.

என்னைக் கேட்டால், சுருக்கியோ மடங்கு பார்த்தோ முடியாதபோதுதான் குறுக்குப் பெருக்கலுக்குப் போக வேண்டும். எடுத்த எடுப்பில் அதைப் பிடித்துக்கொண்டால் எண்கள் வீணாகப் பெரிதாகும்.

கேள்வி: 1/2 + க/3 = 5/6. இதில் 1/2-ஐயும் க/3-ஐயும் குறுக்கே பெருக்கலாமா?

பதில்: கூடாது! அவற்றின் நடுவே இருப்பது கூட்டல் குறி. ஒரு பின்னம், சமக்குறி, இன்னொரு பின்னம் என்று நின்றால் மட்டுமே அது செல்லும். இங்கே 1/2-ஐக் கழியுங்கள்: க/3 = 5/6 − 3/6 = 2/6. அதாவது 1/3. க = 1.

கேள்வி: (க+1)/6 = 10/12. எனக்கு 59/12 வருகிறது.

பதில்: 12க + 1 = 60 என்று எழுதியிருப்பீர்கள். அடைப்புக்குறியை விடாமல் 12(க+1) = 60 என்று எழுதுங்கள். க+1 = 5, க = 4. 10/12-ஐ 5/6 என்று சுருக்கியிருந்தால் பார்த்தவுடனே தெரிந்திருக்கும்.

கேள்வி: 6/(க−3) = 2க/(க−3). விடை 3 வந்தது, ஆனால் புத்தகத்தில் தீர்வு இல்லை என்று இருக்கிறது. அச்சுப் பிழையா?

பதில்: புத்தகம் சரி. க = 3 என்று போட்டால் பகுதி பூச்சியம் ஆகிவிடும்; பூச்சியத்தால் வகுக்க முடியாது. பகுதியில் தெரியாத எண் இருந்தால், கிடைத்த விடையை மூலக் கணக்கில் போட்டுப் பார்க்காமல் எழுதி முடிக்காதீர்கள்.