ஆன்டி ஹீரோ கதைகள்: வாடகை நூலக அக்கா பதில்கள்

கும்பகோணத்தில் பல வருடம் வாடகை நூலகம் நடத்தியவள் நான். இப்போது செல்போனில் ஆன்டி ஹீரோ தொடர்கதை, அதாவது நாயகியைக் கொடுமைப்படுத்தும் முரட்டு நாயகன் கடைசியில் திருந்தும் கதை, வாசிக்கிறேன். கேளுங்கள்.

மன்னார்குடி தங்கை: அறைகிறான், மிரட்டித் தாலி கட்டுகிறான். திட்டிக்கொண்டே அடுத்த அத்தியாயத்துக்குக் காத்திருக்கிறேனே, ஏன் அக்கா?

அவன் அறைவதைப் பார்க்க இல்லைம்மா, அழுவதைப் பார்க்க. வாடகைக்குப் போய்த் திரும்பும் நாவலில் அழுக்கேறியிருப்பது அவன் மன்னிப்புக் கேட்கும் பக்கம்தான். எடுக்கும்போதே கடைசிப் பக்கத்தைப் புரட்டி, சுபம்தானா என்று பார்த்துத்தான் பையில் போடுவார்கள். அமெரிக்க வாசகிகளைப் பற்றி ஜானிஸ் ராட்வே 1984-ல் வெளியிட்ட ஆய்விலும் இந்தப் பழக்கம் வருகிறது. முடிவு தெரிந்தால் பயம்கூட ருசிக்கும். பிடிக்காவிட்டால் போனைக் கவிழ்த்துவிடலாம். பஸ் ஸ்டாண்டில் பின்னால் வருகிறவனிடம் இந்த வசதி கிடையாது.

திருவாரூர் அன்பர்: எல்லாம் மேல்நாட்டு இறக்குமதிதானே?

இல்லை சார். கலித்தொகையில், சின்ன வயதில் மணல்வீட்டை மிதித்த பயல் வளர்ந்து வந்து தண்ணீர் கேட்கிறான், வளைக்கையைப் பிடிக்கிறான். அவள் அலறுகிறாள். அம்மா ஓடிவந்ததும் ‘விக்கிக்கொண்டான்’ என்கிறாள். அம்மா அவன் முதுகைத் தடவிவிட, அவன் கடைக்கண்ணால் பார்த்துச் சிரிக்கிறான். காட்டிக்கொடுப்பதா, காப்பாற்றுவதா என்பது கடைசியில் அவள் கையில். இன்றைய கதைகள் பலவற்றில் அதுதான் இல்லை.

அதே அன்பர்: யானையைக் காட்டி வள்ளியை மிரட்டிய முருகன்?

நான் சுவாமிமலைப் பக்கத்துக்காரி, பார்த்துப் பேசுங்கள். வள்ளி திருமணம் நாடகத்துக்கு விடிய விடிய உட்காருவது யானைக்காகவா? தர்க்கத்துக்காக. வள்ளி மடக்கி மடக்கிக் கேட்கிறாளே, அங்கேதான் விசில் பறக்கும்.

பட்டுக்கோட்டை தம்பி: யானையை மறைக்கிறீர்கள் அக்கா!

மறைக்கவில்லை தம்பி. காமம் மிகுந்து வலுக்கட்டாயம் செய்வதை ‘மிக்க காமத்து மிடல்’ என்று தொல்காப்பியரே பெருந்திணையில், அதாவது பொருந்தாக் காதலில், தள்ளிவிட்டார். அன்பின் ஐந்திணைக்குள் விடவில்லை. வழக்கை அவரிடம் கொண்டுபோங்கள்.

மயிலாடுதுறை: இதையெல்லாம் படிப்பது தப்பா?

படிப்பது தப்பில்லை; பிடிக்காவிட்டால் போனைக் கவிழ்த்துவிடலாம் என்று மேலே சொல்லியாயிற்று.

நாகை: படித்தால் தப்பா அக்கா?

மேலே, மேலே!

பாபநாசம்: வேண்டாம் என்று சொல்லியும் ஒருவன் தினமும் பின்னால் வருகிறான். கதையில்போல உள்ளுக்குள் நல்லவனாக இருப்பானோ?

இல்லை. மறுத்த பிறகும் தொடர்வது பாரதிய நியாய சன்ஹிதா 78-வது பிரிவின்படி குற்றம்; முதல் முறைக்கே 3 ஆண்டு வரை சிறை. இன்றைக்கே வீட்டில் சொல்லு. பெண்கள் உதவி எண் 181-ஐக் கூப்பிடு. பஸ் ஸ்டாண்ட் ஆளுக்கு யாரும் கடைசி அத்தியாயம் எழுதி வைக்கவில்லை.

வலங்கைமான்: நல்ல ஆன்டி ஹீரோ நாவல் பிடிஎஃப் கிடைக்குமா?

காசு கொடுத்துப் படிக்கவும். அடுத்து?